வீட்டோடு வந்த ஆண்கள்: கெங்கோரோ தகமேயின் மாங்காவில் ஆண்மையும் அதிகாரமும்

மாங்கா, அதாவது ஜப்பானியச் சித்திரக்கதை, வரைகிற கெங்கோரோ தகமேயின் பெயரைச் சொன்னால் இரண்டு விதமான வாசகர்கள் தலையாட்டுவார்கள். ஒரு சாரார் 'ஒதோதோ நோ ஒத்தோ', அதாவது 'தம்பியின் கணவன்' படித்தவர்கள். பத்து வயதுப் பிள்ளையோடு உட்கார்ந்து படிக்கக்கூடிய குடும்பக் கதை அது. இன்னொரு சாரார், 1980களின் நடுப்பகுதியிலிருந்து கே இதழ்களில் (தன்பாலீர்ப்புள்ள ஆண்களுக்கான இதழ்கள்) அவர் வரைந்துவந்த, வயது வந்தவர்களுக்கு மட்டுமான கதைகளைப் படித்தவர்கள். கட்டிப்போடப்பட்டு, அடிபட்டு, அவமானப்படும் பெரிய உடம்புக்காரர்கள் நிறைந்த கதைகள் அவை. முதல் சாராருக்கு இரண்டாவது வகைக் கதைகள் சங்கடம். இரண்டாம் சாராரில் சிலருக்கோ குடும்பக் கதை சப்பென்று இருக்கிறது. 'மனிதர் பக்குவப்பட்டுவிட்டார்' என்று சொல்லி இரண்டையும் பிரித்து வைத்துவிடுவது சுலபம். எனக்கு அது சரியாகப் படவில்லை. இரண்டு இடத்திலும் அவர் கேட்பது ஒரே கேள்வி என்றுதான் நினைக்கிறேன்: ஓர் ஆணை ஆண் என்று அங்கீகரிக்கிற உரிமை யார் கையில் இருக்கிறது?

இந்தக் கேள்விக்காக அவருடைய இரண்டு தொடர்களை அருகருகே வைத்துப் பார்க்கிறேன். ஒன்று 'கெதோ நோ இயே', 'கயவர் வீடு' என்று சொல்லலாம். மூன்று தொகுதி, வயது வந்தவர்களுக்கானது. மற்றது 'தம்பியின் கணவன்', நான்கு தொகுதி. இரண்டிலும் கதை தொடங்கும் விதம் ஒன்றுதான்: திருமண உறவின் பேரில் ஓர் ஆண் இன்னொரு ஜப்பானிய வீட்டுக்குள் வருகிறான்.

முதல் வீடு

'கயவர் வீடு' தொடரில் தோராஸோ என்கிற உடல்வலுவுள்ள ஆள், கிராமத்துப் பணக்காரக் குடும்பம் ஒன்றுக்கு வீட்டோடு மாப்பிள்ளையாக வருகிறான். நம் ஊரில் வீட்டோடு மாப்பிள்ளை என்றால் ஏளனம் மட்டும்தான் கூடவரும். ஜப்பானில் அதற்குச் சட்ட வடிவமே உண்டு. மகளைக் கட்டிக்கொடுக்கும்போதே மருமகனைச் சட்டப்படி மகனாகவும் சுவீகாரம் எடுத்துக்கொள்வார்கள். அவன் தன் குடும்பப் பெயரை விட்டுவிட்டு மனைவி வீட்டுப் பெயரை ஏற்கிறான். ஆண் வாரிசு இல்லாத வீடு அற்றுப்போகாமல் இருக்க இது ஏற்பாடு. வியாபாரக் குடும்பங்கள் திறமையான பணியாளனை இப்படி உள்ளே கொண்டுவந்து தொழிலை ஒப்படைத்திருக்கின்றன.

1898-ல் வந்த குடிமைச் சட்டம் குடும்பத் தலைவருக்குக் கொடுத்திருந்த அதிகாரத்தையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். வீட்டில் இருப்பவர் யாரைக் கட்ட வேண்டும் என்பதற்கு அவருடைய சம்மதம் வேண்டும். எங்கே குடியிருக்க வேண்டும் என்றும் அவரே சொல்லலாம். அவர் பேச்சைக் கேட்காதவரைக் குடும்பப் பதிவிலிருந்து நீக்கவும் வழி இருந்தது. போருக்குப் பிறகு 1947-ல்தான் இந்த முறை சட்டத்திலிருந்து எடுக்கப்பட்டது.

தகமே இந்த ஏற்பாட்டை எடுத்து ஒரே ஒரு திருகு திருகுகிறார். மாப்பிள்ளை தேவைப்படுவது மகளுக்காக இல்லை, மாமனாருக்காக. கல்யாணம் வெறும் வாசல். உள்ளே நுழைந்ததும் தோராஸோ அந்தக் கிழவரின் பாலியல் அடிமையாகிறான். கயிறும் அடியும் கதையில் நிறையவே உண்டு. ஆனால் என்னை உலுக்கியது வேறு. உடம்பு பலத்தில் அந்த மருமகனுக்கு மாமனார் ஈடே இல்லை. ஒரு தள்ளு தள்ளிவிட்டு வெளியே போய்விடலாம். போக முடியவில்லை. கயிறு அவிழ்ந்த நேரத்திலும் அவனைப் பிடித்துவைத்திருப்பது அந்த வீட்டுப் பெயர், பட்ட கடமை, ஊர்ப் பேச்சு, 'மகன்' என்கிற நிலை. தோள் எவ்வளவு அகலம் என்பதற்கும் வீட்டுக்குள் அவனுக்கு எவ்வளவு அதிகாரம் என்பதற்கும் சம்பந்தமே இல்லை. இதை இவ்வளவு நேரடியாக வரைந்த இன்னொரு மாங்காவை நான் பார்த்ததில்லை.

இவ்வளவு பெரிய உடம்புகளை ஏன் வரைகிறார் என்பதற்கான பதிலும் இதற்குள்ளேயே இருக்கிறது. மெலிந்தவனை மிதித்தால் அது பலசாலி பலவீனனை அடித்த கதையாக முடிந்துவிடும். தகமே பலவீனனிடமிருந்து தொடங்குவதே இல்லை. அவருடைய நாயகன் ஜூடோ ஆசிரியராகவோ சிப்பாயாகவோ பணக்கார வீட்டு வாரிசாகவோ இருப்பான். 'வெள்ளிப்பூ' என்ற மூன்று தொகுதித் தொடரில், பெண்களிடம் காசை இறைத்துத் திரிந்த பணக்கார வியாபாரி ஒருவன் கடனில் மூழ்கி, கடைசியில் தன் உடம்பையே விற்க வேண்டிய இடத்துக்கு வருகிறான். விலை கொடுத்துப் பழகியவனுக்கு இப்போது விலை வைக்கப்படுகிறது. போர் முடிந்தபின் தென்தீவு ஒன்றில் நடக்கும் சிறைமுகாம் தொடரில், தோற்ற ஜப்பானிய வீரர்கள் வென்ற அமெரிக்கர்களின் பிடியில் இருக்கிறார்கள். முந்தைய நாள்வரை உத்தரவு போட்டவன் இன்று கைகட்டி நிற்கிறான். பணம், பதவி, நாடு என்று எது ஓர் ஆணைத் தூக்கி நிறுத்தியதோ, அதைத்தான் கதை முதலில் உருவிக்கொள்கிறது.

இந்த உடம்பு எங்கிருந்து வந்தது

ஜப்பானில் கடைகளில் வெளிப்படையாக விற்பனையான முதல் கே வணிக இதழ் 'பாராஸோகு'. 1971-ல் தொடங்கியது. 1974-ல் 'சாபு', 'ஆதோன்' இரண்டும் வந்தன. 1982-ல் 'சாம்ஸன்'. இந்த இதழ்களில் கதையும் படமும் எவ்வளவு முக்கியமோ, அதே அளவு முக்கியம் பின்பக்கக் கடிதத் தொடர்புப் பகுதி. தன் ஊரில் தன்னைப் போல ஒருவரையும் அறியாத ஆள், அந்தச் சின்ன எழுத்து விளம்பரங்கள் வழியாகத்தான் இன்னொருவரைத் தேடினார். ஆக, இதழ் எந்த மாதிரி ஆணை அட்டையில் வரைகிறதோ, 'இப்படி ஒருவர் வேண்டும்' என்று கேட்கிற மொழியும் அதைப் பார்த்தே உருவானது.

'சாபு' இதழின் பக்கங்களில் முதுகு நிறையப் பச்சைகுத்திய யாகுசா ரவுடிகள், சாமுராய்கள், கோவணம் கட்டிய திருவிழா ஆட்கள் உலவினார்கள். 1924-ல் பிறந்து 1988-ல் மறைந்த கோ மிஷிமா இந்த வகையில் பெரிய பெயர். அவர் வரைந்த ஆண்கள் இறுகிய முகத்தோடு, வலியைப் பல்லைக் கடித்துத் தாங்குகிறவர்களாக இருப்பார்கள். தகமே அந்த மரபின் வாரிசு. அந்த மரபின் வரலாற்றாசிரியரும் அவரே. கே இதழ்களில் வரைந்து மறக்கப்பட்ட ஓவியர்களின் படைப்புகளைத் தேடித் திரட்டி, 'ஜப்பானின் கே பாலுணர்வுக் கலை' என்ற தொகுப்பு நூல்களை 2003 முதல் வெளியிட்டார். அந்தப் பழைய இதழ்களை நூலகங்கள் பெரும்பாலும் அக்கறையாகச் சேர்த்து வைக்கவில்லை. ஓவியர்கள் பலர் புனைபெயரில் வரைந்து, சொந்தப் பெயர் தெரியாமலே போய்விட்டார்கள். வேறு எதற்காக இல்லாவிட்டாலும் இந்த வேலைக்காக மட்டுமே அவரைக் கும்பிடலாம்.

1995-ல் 'ஜி-மென்' இதழ் தொடங்கியபோது அதை உருவாக்கியவர்களில் தகமேயும் ஒருவர். அதன் அட்டைகளில் வந்தவர்கள் தாடி வைத்த, தொந்தியும் தசையும் கலந்த, முடி அடர்ந்த, நடுவயதுக்காரர்கள். தெருவில் லாரி ஓட்டுகிற ஆள் மாதிரியோ ரக்பி பயிற்சியாளர் மாதிரியோ இருப்பார்கள். பின்னாளில் அந்த அட்டைகளை வரைந்த ஜிராயா இந்த உடம்பை மினுமினுப்பாக, கனிவான சிரிப்போடு வரைந்தார். தகமேயின் கை வேறு மாதிரி. மார்பிலும் முன்கையிலும் முடியை ஒவ்வொரு இழையாகப் பேனாவால் இழுப்பார். வியர்வை துளியாக நிற்காமல் ஓடும். சதை கனமாகத் தொங்கும் இடத்தில் தொங்கும். அழகுபடுத்துவதைவிட எடை தெரிவதில்தான் அவருக்கு அக்கறை.

பெரும்பாலும் பெண்கள் வரைந்து பெண்கள் படிக்கும், ஆண்-ஆண் காதலைச் சொல்லும் பிஎல் ('பாய்ஸ் லவ்') வகையோடு இதைப் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது. அங்கே உயரமான ஒருவன், மெல்லிய ஒருவன் என்று உருவத்திலேயே அதிகாரம் பிரித்து வைக்கப்படுவது நெடுநாள் வழக்கமாக இருந்தது. 1992-ல் மசாகி சாத்தோ என்கிற கே செயல்பாட்டாளர் ஒரு பெண்ணிய இதழில், எங்கள் வாழ்க்கையை உங்கள் கற்பனைக்குத் தீனியாக்குகிறீர்கள் என்கிற தொனியில் கடுமையாக எழுதப்போய், அது சில ஆண்டுகள் நீண்ட விவாதமானது. கே மாங்காவில் அந்த உருவப் பிரிவினை செல்லாது. அடிபணிகிறவன்தான் பல நேரங்களில் ஆட்டுவிக்கிறவனைவிடப் பெரிய உருவம். ஜப்பானின் எதோ காலத்து (1603–1868) ஆண்-ஆண் உறவுகளில் ஆசைக்குரியவன் இன்னும் மீசை முளைக்காத இளைஞன். ஆசைப்படுகிறவன் வயதில் மூத்தவன். தகமேயின் கதைகளில் அந்த ஏணி அப்படியே தலைகீழ். ஆசைக்குரியவன் முழுதாக வளர்ந்த ஆண். அவனுடைய முரட்டுத்தனமே அவனை விரும்பத்தக்கவனாக்குகிறது. பணிந்தபிறகும் அவன் பெண்ணாக மாறிவிட்டதாகக் கதை சொல்வதில்லை. இது சின்ன விஷயம் இல்லை.

சட்டம் தொட்ட இடம்

ஜப்பானியத் தண்டனைச் சட்டத்தின் 175-வது பிரிவு ஆபாசப் பொருள் விற்பனையைத் தடுக்கிறது. 1907-ல் இயற்றிய சட்டம், இன்றும் நடப்பில் இருக்கிறது. அதனால் வயது வந்தோருக்கான மாங்காவில் பிறப்புறுப்பைக் கறுப்புக் கட்டையாலோ கட்டக்கட்டமாகவோ மறைக்கிறார்கள். இது வெறும் சம்பிரதாயம் என்று நினைத்திருந்தவர்களுக்கு 'மிஷிட்ஸு' வழக்கு அதிர்ச்சி கொடுத்தது. ஆண்-பெண் உறவைக் காட்டும் மாங்காப் புத்தகம்தான் அது. மறைத்தது போதவில்லை என்று 2002-ல் கைது நடந்தது, 2007-ல் உச்ச நீதிமன்றம் 15 லட்சம் யென் அபராதத்தை உறுதி செய்தது.

இந்த மறைப்பு ஓவியரை வேறு பக்கம் தள்ளியது என்பது என் அனுமானம். எதைக் காட்டக்கூடாதோ அதை விட்டுவிட்டு முகத்தில் எல்லாவற்றையும் ஏற்ற வேண்டியிருக்கிறது. தகமேயின் பக்கங்களில் கண்ணை நகர்த்த முடியாத இடம் முகம்தான். கோபம், வெட்கம், தன் உடம்பே தனக்குத் துரோகம் செய்கிறதே என்கிற திகைப்பு. வெற்றி பெற்றவனின் முகத்தை அவர் அநேகமாக அவசரமாகக் கடந்துவிடுவார். தோற்கிறவனுடைய முகத்துக்குத்தான் பெரிய கட்டம் கிடைக்கும்.

என் மனத்தாங்கல்

இவ்வளவு சொன்னபிறகு, உறுத்துவதையும் சொல்ல வேண்டும். இந்தக் கதைகளில் சம்மதம் என்பதே பெரும்பாலும் இல்லை. இது கற்பனை, படிப்பவர்கள் வயது வந்தவர்கள், யாருக்கும் காயமில்லை என்ற வாதத்தை நான் ஏற்கிறேன். அதிகாரத்தின் கீழ் வாழ்கிற ஒருவர், அந்த அதிகாரத்தையே கற்பனையில் எடுத்து உருட்டிப் பார்ப்பதில் எனக்குத் தப்பு தெரியவில்லை. பகலெல்லாம் அலுவலகத்தில் குனிந்து, வீட்டுக்குக் கல்யாண வாக்குறுதி கொடுத்து, தன் ஆசையை மறைத்தே வாழ்ந்த ஒரு வாசகருக்கு, பலசாலி ஒருவன் எல்லாவற்றையும் இழந்து வெளிப்பட்டு நிற்பதில் ஏதோ ஒரு விடுதலைகூட இருந்திருக்கலாம். ஆனால் சில கதைகளில் அவமானப்படுத்துவது அதிகாரத்தை அம்பலப்படுத்துவதை விட்டுவிட்டு அதைக் கொண்டாடுகிற பக்கம் சாய்ந்துவிடுகிறது. எங்கே சாய்கிறது என்று கோடு போட்டுச் சொல்ல என்னால் முடியாது. சாய்கிறது என்பது மட்டும் தெரிகிறது.

இன்னொன்று, யார் இந்தப் பக்கங்களில் இல்லை என்பது. 'ஜி-மென்' தூக்கிப்பிடித்த முரட்டு ஆண், மெலிந்த அழகன்தான் கே என்ற பொதுப் பிம்பத்தை உடைத்தான். சரி. தொந்தியும் வயதும் உள்ளவர்கள் தங்களை விரும்பத்தக்கவர்களாகப் பார்த்தார்கள். அது பெரிய நன்மை. ஆனால் அதே வேகத்தில் நளினமாகப் பேசுகிற, நடக்கிற ஆண்களுக்கு அங்கே இடம் சுருங்கியது. பெண்களுக்கோ இடமே கிடையாது. 'கயவர் வீட்டில்' ஒரு மகள் இருக்கிறாள், அவள் பெயரில்தான் கல்யாணமே நடக்கிறது. அந்தக் குடும்ப முறையால் அவளும்தான் மாட்டிக்கொண்டாள். கதையின் அக்கறை அவள் பக்கம் திரும்பவில்லை.

இரண்டாவது வீடு

'தம்பியின் கணவன்' 2014 முதல் 2017 வரை 'மாத ஆக்ஷன்' இதழில் வந்தது. கே இதழ் இல்லை. பொதுவான ஆண் வாசகர்களுக்கான பத்திரிகை. 2015-ல் ஜப்பான் ஊடகக் கலை விழாவில் சிறப்புப் பரிசு, 2018-ல் அமெரிக்காவில் சித்திரக்கதைகளுக்குக் கொடுக்கும் ஐஸ்னர் விருது. அதே ஆண்டு ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே அதைத் தொலைக்காட்சி நாடகமாக்கியது. கணவன் மைக்காக நடித்தவர் எஸ்தோனியாவிலிருந்து வந்து சுமோவில் ஒஸெக்கி என்ற இரண்டாவது உயர்ந்த நிலைவரை உயர்ந்த பாருதோ. தகமே வரைந்த உடம்பைத் தேடி சுமோ களத்துக்கே போயிருக்கிறார்கள் என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி.

யாயிச்சி மகள் கானாவோடு தனியாக வாழ்கிறான். மனைவியோடு விவாகரத்து ஆகிவிட்டது. அவனுடைய இரட்டைச் சகோதரன் ரியோஜி கனடாவில் இறந்துபோக, ரியோஜியின் கணவன் மைக் இவர்கள் வீட்டு வாசலில் வந்து நிற்கிறான். ஆறடி தாண்டிய, தாடிக்காரக் கனடாக்காரன். பார்த்ததும் யாயிச்சியைக் கட்டிப்பிடிக்கிறான். இந்த இடத்தில் தகமே ஓர் உத்தி செய்கிறார். அடுத்த கட்டத்தில் யாயிச்சி அவனை உதறித் தள்ளி வசைச்சொல்லால் கத்துகிறான். அதற்கடுத்த கட்டம் அது மனதுக்குள் நடந்தது மட்டும்தான் என்று காட்டுகிறது. வெளியே அவன் மரியாதையாக நிற்கிறான். தொடர் முழுக்க இந்த உத்தி திரும்பத் திரும்ப வரும். ஒரு சாதாரண, நல்ல மனிதனுக்குள் எவ்வளவு வெறுப்பு ஓடுகிறது என்பதை அவனைக் கெட்டவனாக்காமலே காட்டிவிடுகிறது. முந்தைய கதைகளில் வெளியே தெரிந்த சாட்டை இங்கே யாயிச்சியின் தலைக்குள் இருக்கிறது. வீசப்படாததால் அது இல்லாமல் போய்விடவில்லை.

இருவரில் யார் கணவன், யார் மனைவி என்று கானா கேட்கிறாள். இரண்டு பேருமே கணவன்தான் என்கிறான் மைக். குழந்தைக்கு அது போதுமாக இருக்கிறது. யாயிச்சிக்குத்தான் இடிக்கிறது, ஏனென்றால் அதே கேள்வி அவன் மனதிலும் இருந்தது, கேட்கிற துணிவுதான் இல்லை. யாயிச்சியின் ஆண்மையும் அப்படியொன்றும் பத்திரமாக இல்லை. அவன் கம்பெனிக்குப் போகிறவன் இல்லை. பெற்றோர் விட்டுப்போன வீடுகளின் வாடகையில் வாழ்கிறான். சமைப்பது, மகளைப் பார்த்துக்கொள்வது எல்லாம் அவன். முன்னாள் மனைவி நாட்சுகிதான் வேலைக்குப் போகிறாள். சம்பளம், பதவி, அலுவலகம் என்று ஜப்பானிய நடுத்தர வர்க்கம் ஆணுக்குக் கொடுக்கிற எந்தச் சான்றிதழும் அவனிடம் கிடையாது. தம்பி கே என்று தெரிந்தபின் அவனிடமிருந்து ஒதுங்கிப்போன அண்ணன், அந்தத் தம்பியின் முகத்தையே தன் முகமாகக் கண்ணாடியில் பார்க்க வேண்டியிருக்கிறது. ஓர் இரவு குடித்துவிட்டு வரும் மைக், அந்த முகத்தைப் பார்த்து ரியோஜி என்று அழுகிறான்.

தகமேயின் பார்வை மாறவில்லை என்பதற்கு யாயிச்சி குளிக்கும் காட்சிகளே சாட்சி. அதே மார்பு, அதே தோள், அதே எடை. பெரும்பாலும் பெண்ணுடம்புக்கு ஒதுக்கப்படுகிற குளியலறைக் காட்சியை, ஆண் வாசகர்களின் பத்திரிகையில், ஓர் அப்பாவின் உடம்புக்குக் கொடுக்கிறார். ஒரு சொல்கூட விளக்கம் இல்லை. பார்க்கப்படுவது எப்படி இருக்கும் என்று அந்த வாசகர்கள் அறிந்திருக்க நியாயமில்லை.

சுவீகாரம் என்கிற கதவு

இரண்டு வீடுகளையும் இணைக்கிற ஒரு விஷயம் கதைக்கு வெளியே இருக்கிறது. ஜப்பானில் ஒரே பால் திருமணத்துக்குச் சட்ட அங்கீகாரம் இல்லை. தோக்கியோவின் ஷிபுயா, செதகாயா வட்டங்கள் 2015 நவம்பரில் துணைவர் சான்றிதழ் கொடுக்கத் தொடங்கின, ஆனால் அது திருமணத்துக்கு ஈடாகாது. அதனால் பல இணையர்கள் நெடுங்காலமாகப் பயன்படுத்திவந்த வழி, ஒருவர் மற்றவரைச் சுவீகாரம் எடுப்பது. வயது வந்தவரைச் சுவீகாரம் எடுப்பது அங்கே சாதாரண நடைமுறை. சொத்துரிமை கிடைக்கும், ஆஸ்பத்திரியில் உறவுக்காரர் என்று சொல்லிக்கொள்ளலாம், ஒரே குடும்பப் பெயர் வரும்.

ஆனால் தன்னைவிட மூத்தவரைச் சுவீகாரம் எடுக்க முடியாது. ஒரு நாள் வயது கூடியவர்கூட அப்பாவாகிறார், மற்றவர் மகனாகிறார். இருவரும் கணவர்கள் என்று மைக் சொன்னதைச் சட்டம் அப்பா-மகன் என்று எழுதிக்கொள்கிறது. அப்பா-மகனாகப் பதிவானவர்கள், அந்த உறவை ரத்து செய்தபிறகும் ஒருவரையொருவர் மணக்க முடியாது என்றும் குடிமைச் சட்டத்தில் இருக்கிறது. நாளைக்கே திருமண உரிமை வந்தாலும், சட்டத்தைத் திருத்தாவிட்டால் இவர்கள் மாட்டிக்கொள்வார்கள். சமமாக வாழ வந்த இருவரை மேல்-கீழாக அடுக்கினால்தான் இந்தச் சட்டத்துக்கு அவர்களைக் குடும்பமாகப் பார்க்கத் தெரிகிறது. இதைப் படித்துவிட்டு 'கயவர் வீட்டின்' மாமனாரைத் திரும்பிப் பார்த்தால், அந்தக் கதை அப்படியொன்றும் மிகைப்படுத்தலாகத் தெரியவில்லை.

அதற்குப் பிறகு 'மாத ஆக்ஷன்' இதழிலேயே 2018 முதல் 2020 வரை 'எங்கள் வண்ணங்கள்' தொடரை வரைந்தார். பள்ளி மாணவன் சோரா, காபிக் கடை நடத்தும் வயதான கே ஆண் அமமியா. மூத்தவர், இளையவன் என்கிற பழைய ஏணி மறுபடி வந்து நிற்கிறது. ஆனால் அதில் யாரும் ஏறுவதுமில்லை, யாரும் மிதிபடுவதுமில்லை. அமமியா அவனுக்கு வேலை கொடுக்கிறார், கடைச் சுவரில் படம் வரையச் சொல்கிறார், பேசுகிறார். சோராவின் தோழி நாவோ, தன் நண்பனுக்குள் என்ன நடக்கிறது என்று தெரியாமல் திண்டாடி, கோபப்பட்டு, தானாக ஒரு முடிவுக்கு வருகிற முழு மனுஷி. தகமேயின் பக்கங்களில் ஒரு பெண்ணுக்கு இவ்வளவு இடம் கிடைத்ததற்கு வாசகனாக நான் வெகுநாள் காத்திருந்தேன்.